வட்டக்கோட்டை வாசலில் ஒன்பதாம் எண்

வரிசைப்படுத்திக்கொள்ளாமல் எழுத உட்கார்ந்தால் எனக்குக் கை ஓடாது. அது உனக்குத் தெரியும். ஆகையால் இந்தக் கடிதத்தில் என்னென்ன வரும் என்பதை முதலிலேயே குறித்துவிடுகிறேன்.

1. இன்று காலை செய்தித்தாளுக்குள் இருந்த துண்டறிக்கை.
2. வாசகசாலைக்காரர்கள் எல்லோரும் வட்டக்கோட்டைக்குப் போன ஞாயிற்றுக்கிழமை.
3. அங்கே நீ எனக்குச் செய்த கெடுதல்.
4. அன்றிலிருந்து உன்மேல் நான் வைத்திருக்கும் பொறாமை.

நான்காவதை எழுதலாமா என்று வெகுநேரம் யோசித்தேன். நீ கண்ணை மூடி ஐந்து மாதம் ஆகிறது. உன் முகத்துக்கு நேரே சொல்லத் துணிவில்லாததை இப்போது சொல்வது கோழைத்தனம்தான். இருந்தாலும் சொல்லாமல் வைத்திருப்பதைவிட இது கொஞ்சம் மேல் என்று நினைக்கிறேன்.

துண்டறிக்கை மஞ்சள் தாளில் இருந்தது. ஒருநாள் சுற்றுலா, சொகுசுப் பேருந்து, கன்னியாகுமரியிலிருந்து படகு, வட்டக்கோட்டை, அனுபவமுள்ள வழிகாட்டி உடன் வருவார். அந்தக் கடைசி வரியைப் படித்ததும் என் காதுமடல் சூடாகிவிட்டது. வழிகாட்டி என்ற சொல் இந்த வயதிலும் என்னை இப்படிச் செய்கிறது.

அது திருவிதாங்கூர்–கொச்சி ராஜ்யத்தில் நாம் இருந்த காலம். நான் வடசேரியில் சரித்திர வாத்தியார். நீ கோட்டாற்றில் உன் அப்பாவின் மொத்த மளிகைக் கடையில் இருந்தாய். சாயங்காலம் ஆனால் இரண்டு பேரும் வாசகசாலையில் ஒரே பெஞ்சில் உட்கார்ந்திருப்போம். உறுப்பினர்களைக் குடும்பத்தோடு வட்டக்கோட்டைக்குக் கூட்டிப்போக வேண்டும் என்று செயலாளர் சொன்னபோது எல்லோரும் என்னைத்தான் பார்த்தார்கள். விளக்கிச் சொல்ல ஓர் ஆள் வேண்டுமே.

"கூட்டத்தில் எனக்குப் பேச்சு வராதே" என்று நான் உன் காதோடு சொன்னேன்.

"ஒனக்குப் பேச்சு வராதுன்னா வகுப்புல பயலுவளுக்கு என்னத்தலே சொல்லிக்குடுக்க? ஒத்துக்கோ மக்கா" என்றாய்.

ஒத்துக்கொண்டேன். உன் பேச்சுக்காக மட்டும் அல்ல. எனக்குக் கல்யாணமாகி அப்போது ஏழு மாதம். அவள் பூதப்பாண்டிக்காரி, நான்கு அண்ணன்மாரோடு ஆற்றில் நீந்தி வளர்ந்தவள் என்று சொல்வார்கள். என் வீட்டில் அவள் பேசியதெல்லாம் "ஆமா", "இல்ல", "சோறு வைக்கட்டா" என்ற மூன்றுக்குள் அடங்கிவிட்டது. அவள் சிரித்து நான் பார்த்ததில்லை. வகுப்பில் தடையில்லாமல் பேசும் எனக்கு அவள் முன்னால் நாக்கு புரளாது. நாற்பது பேருக்கு நடுவில் நான் நின்று பேசுவதை அவள் பார்க்க வேண்டும், பார்த்து என்னைப் பற்றி நல்லபடியாக நினைக்க வேண்டும் என்பதுதான் என் ஆசை. அந்தப் பயணத்தில் எனக்கு வேறு எதுவும் முக்கியமாக இல்லை.

பத்து நாள் நூல்களைப் புரட்டிப் பதினேழு குறிப்புகள் எழுதினேன். ஒன்று, வாசல். இரண்டு, வாசலில் செதுக்கிய மீன். ஒன்பது, உள்ளே இருக்கும் குளம். இப்படி ஒவ்வொன்றுக்கும் ஒரு தாள். அந்தப் பத்து நாளும் காலையில் வீட்டு முற்றத்தில் நடந்துகொண்டே சத்தமாக வாசித்துப் பழகினேன். அப்படியும் பயம் போகவில்லை. கூட்டத்தைக் கண்டால் வரிசை மறந்துவிடுமோ என்று தோன்றியது. வியாழக்கிழமை பள்ளிக்கூடம் விட்டதும் தனியாகப் பஸ் ஏறி, கொட்டாரம் தாண்டி இறங்கி, கோட்டைக்கு நடந்தேன். எந்தக் கல்லருகில் எந்தக் குறிப்பை வாசிக்க வேண்டுமோ அந்தக் கல்லில் சாக்குக்கட்டியால் அந்த எண்ணைப் போட்டேன். ஒன்று முதல் பதினேழு வரை. திரும்பி வந்து உன்னிடம் மட்டும் அதைச் சொன்னேன். வேறு யாருக்கும் தெரியாது.

ஞாயிறு காலை பஸ்ஸில் நீ முன்வரிசையில் நின்றுகொண்டு வந்தாய். சுசீந்திரம் கோபுரம் தெரிந்தபோது ஒரு கதை, கொட்டாரத்தில் டீக்கு நிறுத்தியபோது ஒரு கதை. மட்டி வாழைப்பழக் குலை ஒன்றை வாங்கி ஆளுக்கு இரண்டு பிய்த்துக் கொடுத்தாய். நான் என் தாள்களை மடியில் வைத்துக்கொண்டு கடைசி இருக்கையில் இருந்தேன். வழிகாட்டி நான்தான். ஆனால் பஸ் உன் பக்கமே பார்த்துக்கொண்டு போனது.

கோட்டைக்குத் தரை வழியாகவே போயிருக்கலாம். கடலிலிருந்து வருகிறவன் கண்ணுக்கு அது எப்படித் தெரிந்திருக்கும் என்பதைக் காட்டத்தான் வள்ளம் வேண்டும் என்று நான் சொல்லியிருந்தேன். கடலைக் கண்டால் எனக்குப் பயம் என்பதை யாரிடமும் சொல்லவில்லை. கன்னியாகுமரியில் இரண்டு வள்ளங்கள் நின்றன. முதலில் பெண்கள். அவர்களுக்குத் துணையாக நீ. பெயர்ப் பட்டியலைச் சரிபார்க்க வேண்டியிருந்ததால் நான் இரண்டாவதில். உறுப்பினர் ஒருவர் டீக்கடையில் உட்கார்ந்துவிட்டதால் எங்கள் வள்ளம் அரைமணி நேரத்துக்குமேல் பிந்திப் புறப்பட்டது.

வழியெல்லாம் நான் வள்ளத்தின் விளிம்பைப் பிடித்துக்கொண்டு கண்ணை மூடியிருந்தேன். கடலிலிருந்து கோட்டை எப்படித் தெரியும் என்பது இன்றுவரை எனக்குத் தெரியாது.

கரையில் இறங்கி, வேட்டி நனைய, மணலில் ஏறி வந்தேன். எல்லோரும் வாசல் முன்னால் கூடியிருந்தார்கள். அவள் முதல் வரிசையில் ஓரமாக நின்றாள். என்னைப் பார்த்துவிட்டுச் சட்டென்று உன்னைப் பார்த்தாள். அதை நான் கவனித்தேன். தலை நிமிர்ந்தால் பயம் தெரிந்துவிடும் என்று கல்லில் இருந்த எண்ணை மட்டும் பார்த்தேன். ஒன்பது. ஒன்பதாவது தாளை எடுத்து, குரலைக் கனைத்துக்கொண்டு வாசித்தேன்.

"அன்பர்களே, இப்போது நாம் காண்பது வீரர்களின் தாகம் தீர்த்த குளம். இதன் தெளிந்த நீரைச் சற்று உற்று நோக்குங்கள்."

நாங்கள் நின்றது வெறும் கல்வாசலில். ஒரு சொட்டுத் தண்ணீர் கிடையாது. கூட்டம் என்னைப் பார்த்தது, தரையைப் பார்த்தது. யாரோ பின்னால், "வாத்தியாருக்குக் கடல் தலைக்கேறிட்டு" என்றார்.

அப்போதுதான் அந்த எண்ணைச் சரியாகப் பார்த்தேன். நான் போட்டது வெள்ளைச் சாக்குக்கட்டி. கல்லில் இருந்ததோ செங்கல் துண்டால் எழுதிய சிவப்பு எண். வாலைக் கீழே இழுத்து இடப்பக்கம் சுழிக்கும் அந்த ஒன்பதை நான் எங்கே கண்டாலும் கண்டுகொள்வேன். உன் கடை மூட்டைகளில் நீ கரியால் போடும் ஒன்பது அது.

நீ என்ன செய்தாய் என்று ஞாபகம் இருக்கிறதா? இரண்டே எட்டில் நடுவில் வந்து, வேட்டியை முழங்காலுக்குமேல் தூக்கிக்கொண்டு, "என்ன பாத்துட்டு நிக்கியோ? வாத்தியாரு சொன்னது காதுல விழல்லியா? கொளத்துக்குள்ள நிக்கோம். நனைஞ்சிராம மெதுவா நடந்து வாருங்கோ" என்று, தண்ணீரில் கால் வைப்பவனைப் போல வாசலைத் தாண்டினாய். உனக்குப் பின்னால் செயலாளரே வேட்டியைத் தூக்கிக்கொண்டு நடந்தார். சிரிப்பு கோட்டைச் சுவரில் மோதித் திரும்பியது. அந்தச் சிரிப்பில் அவள் சிரிப்பும் இருந்தது. முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு, தோள் குலுங்க, கண்ணில் நீர் வர அவள் சிரித்தாள். ஏழு மாதமாக நான் காத்திருந்தது அது. நீ ஒரு வேட்டியைத் தூக்கி அதை எடுத்துக்கொண்டாய்.

பிறகு கோட்டை முழுவதும் நீதான் கூட்டிப்போனாய். பீரங்கி ஏற்றும் சரிவில் நீயே பீரங்கியானாய். மீனைக் காட்டி, "இது கடலுக்குத் திரும்பிப் போக வழி கேட்டுட்டுக் கெடக்கு" என்றாய். பாண்டியர் சின்னம் என்று என் இரண்டாவது தாளில் இருந்தது. அது என் சட்டைப்பையிலேயே இருந்துவிட்டது. மற்ற எண்களும் இடம் மாறியே கிடந்தன. நான் கடைசி ஆளாக நடந்தேன்.

இந்தக் கடிதத்தின் மூன்றாவது குறிப்பில் நான் சொல்ல வந்தது இதைத்தான். என் எண்களை அழித்து, கலைத்துப் போட்டவன் நீ. எண்ணைப் பற்றித் தெரிந்தவன் நீ ஒருவன்தான். எழுத்து உன் எழுத்து. முதல் வள்ளத்தில் போனவனும் நீ.

உன்னிடம் கேட்கவில்லை. கேட்டால் நீ ஆமாம் என்று சொல்லிவிடுவாயோ என்று பயம். நீ எப்போதும்போல வீட்டுக்கு வந்துகொண்டுதான் இருந்தாய். தீபாவளிக்கு முந்திரிக்கொத்து செய்தால் உனக்கென்று அவள் தனியாக எடுத்து வைப்பாள். பலகையில் உட்கார்ந்ததும் நீ கேட்பாய்: "தங்கச்சி, ஒம்பது என்னம்மா?" அவள் தலையைக் குனிந்துகொண்டு சிரிப்பாள். "போங்கண்ணே" என்பாள். நான் கண்ணாடியைத் தேடுகிற சாக்கில் உள்ளே போய்விடுவேன். என் முட்டாள்தனத்தை நீங்கள் இருவரும் பங்கிட்டுத் தின்கிறீர்கள் என்றுதான் நினைத்தேன்.

அவள் நல்ல மனைவியாகத்தான் இருந்தாள். நாளாவட்டத்தில் என்னிடமும் பேசினாள், சண்டை போட்டாள், சிரித்தாள். ஆனால் நான் ஒவ்வொரு சிரிப்பையும் வட்டக்கோட்டைச் சிரிப்போடு ஒப்பிட்டுப் பார்த்தேன். எதுவும் அந்த அளவுக்கு வரவில்லை என்று எனக்குத் தோன்றும். உன் சாவுக்கு அவள் அழுதபோதுகூட, நான் போனால் இவ்வளவு அழுவாளா என்று மனது கணக்குப் போட்டது. என்னை மன்னித்துக்கொள்.

இவ்வளவும் எழுதிவிட்டுக் குளிக்க எழுந்துபோனேன். திரும்பி வந்தால் அவள் என் நாற்காலியில் உட்கார்ந்து, என் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு, இதைப் படித்துக்கொண்டிருக்கிறாள். அறுபது வருஷத்தில் என் தாளை அவள் தொட்டதில்லை.

"கெடுதல்னு எழுதியிருக்கியளே. யாரு செய்தது?" என்றாள்.

"அவன்தான். எண்ணை அழிச்சது."

"அண்ணனா அழிச்சாவ? நாங்க போகும்போதே அங்க ஒரு எழுத்தும் இல்ல. உப்புக்காத்துல சாக்குக்கட்டி நிக்குமா? கல்லெல்லாம் ஈரமாட்டு கெடந்துது. அண்ணன் தலையில கைய வச்சிட்டாவ. 'அவன் வந்து பாத்தா விழுந்துருவான் தங்கச்சி, எத எங்க வாசிப்பான்னு ஒனக்கு ஏதாவது ஓர்மை இருக்கா?'ன்னு கேட்டாவ."

"நீ என்ன சொன்ன?" என்றேன்.

"இருக்குன்னு சொன்னேன். பத்து நாளு நீங்க முற்றத்துல வாசிச்சதக் கேட்டவ நான்தானே. நான் சொல்லச் சொல்ல அவ்வோ செங்கல்லால எழுதினாவ. வாசல்ல ஒம்பதுன்னு சொன்னது நான்."

"ஏன் ஒன்பது?"

"ஒம்பது வாசிக்கும்போதுதான் நீங்க நல்லா கொரலெடுத்து வாசிப்பியோ. அதுதான் மொதல்ல இருக்கும்னு நெனச்சேன்."

அவள் தாளைப் பார்த்துக்கொண்டே சொன்னாள்.

"நீங்க கொளம்னு வாசிச்சதும் எனக்கு உயிரு போச்சு. நான் கெடுத்துப்போட்டேன்னு தெரிஞ்சா என்ன சொல்லுவியளோன்னு. அண்ணன் என் மொகத்தப் பாத்தாவ. பொறவுதான் வேட்டியத் தூக்கினாவ. நான் பயந்துல்லா சிரிச்சேன். அழுகையும் வந்துட்டு, அது யாருக்கும் தெரியப்பிடாதுன்னு சிரிச்சேன்."

"ஏட்டி, இவ்வளவு காலமா ஏன் சொல்லல?"

"நீங்க ஒருக்காலாவது கேட்டியளா?"

அவள் கண்ணாடியைக் கழற்றி மேஜையில் வைத்துவிட்டுக் கஞ்சி சூடாக்கப் போய்விட்டாள்.

நான் இங்கேயே உட்கார்ந்திருக்கிறேன். நீ ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். 'அது உன் பெண்டாட்டி செய்த தப்பு' என்று சொல்லியிருந்தால் நம் இருவருக்கும் நடுவில் எதுவும் இருந்திருக்காது. என் முகம் கோணியதையும், நீ வந்தால் நான் உள்ளே எழுந்து போனதையும் நீ பார்க்காமல் இருந்திருக்க முடியாது. அதையெல்லாம் வாங்கிக்கொண்டு, பலகையில் உட்கார்ந்து முந்திரிக்கொத்தைக் கடித்துக்கொண்டிருந்தாய். அந்த இடத்தில் நான் இருந்திருந்தால் மறுநாளே அவளைக் காட்டிக்கொடுத்திருப்பேன். என் பெயர் கெடாமல் இருக்க அதைத்தான் செய்திருப்பேன். அது எனக்கு நன்றாகத் தெரியும். அவளைக் காப்பாற்ற வேண்டியவன் நான். காப்பாற்றியவன் நீ. இதைத் தெரிந்துகொண்டபின் பொறாமை குறையும் என்று எதிர்பார்த்தேன். குறையவில்லை, கூடியிருக்கிறது. நான்காவது குறிப்பை அப்படியே விட்டுவிடுகிறேன்.

மூன்றாவது குறிப்பு தவறு. அப்படி எந்தக் கெடுதலும் நீ எனக்குச் செய்யவில்லை.