நாற்பத்தொரு அங்குலம்

அடிக்காமலே அழவைக்கத் தெரிந்த என் விஜி அக்கா,

ஜன்னலுக்குப் பிளைண்ட்ஸ் மாட்டியாயிற்று. இழுத்தால் ஏறுகிறது, விட்டால் இறங்குகிறது, குச்சியைத் திருகினால் குறுக்கே அடுக்கிய மெல்லிய மரப்பட்டைகள் எல்லாம் ஒன்றாகத் தலை சாய்க்கின்றன. நீ போய்ப் பதினேழாம் நாள். உன் தம்பியின் சுறுசுறுப்பு உனக்குத் தெரியாததா?

தஞ்சாவூர் ஆஸ்பத்திரியில் "வீட்டுக்குக் கூட்டிட்டுப் போங்க" என்று சொன்ன அன்றே பாபநாசத்துக்கு, என் வீட்டுக்கு வந்துவிட்டாய். வயல் தெரிகிற மேற்கு அறைதான் வேண்டும் என்றாய். தெரிந்தது, கூடவே மத்தியான வெயிலும் நேராக உன் கண்ணில் இறங்கியது. என் மனைவி கமலா பழைய புடவையை எடுத்துக்கொண்டு கட்ட வந்தாள்.

"துணியக் கட்டினா வயலும் போயிடும் கமலா" என்றாய். பிறகு என் பக்கம் திரும்பி, "டேய், ஆஸ்பத்திரி ரூம்ல மரப்பட்டை பிளைண்ட்ஸ் இருந்துச்சே, அது வாங்கிப் போடுடா. வெயில மறைச்சிக்கிட்டு வயலப் பார்ப்பேன். கதிர் பழுக்குற நேரம்."

அளந்தேன் அக்கா, ஒழுங்காகத்தான் அளந்தேன். சட்டத்துக்கு உள்ளளவு சரியாக நாற்பது அங்குலம். கடையில் எழுதிக் கொடுக்கும்போதுதான் கை நின்றது. நூற்றொன்று, ஐந்நூற்றொன்று என்று மொய் எழுதியே பழகிய கை. படுத்திருக்கிற உனக்கு வாங்குகிற பொருளை முழு எண்ணில் நிறுத்த மனசு வரவில்லை. ஒன்று சேர்த்து நாற்பத்தொன்று என்று எழுதிவிட்டேன். கடைக்காரர் "உள்ளளவுதானே சார்?" என்று கேட்டார். பெரிய இன்ஜினீயர் மாதிரி தலையாட்டினேன்.

வந்த பொருள் ஜன்னலுக்குள் நுழைய மறுத்தது. கடைக்குப் போன் போட்டேன். "ஒண்ணும் பிரச்சனை இல்ல சார். கூடுதல் அரை அரை அங்குலம், சட்டத்துல உரசாம இருக்கக் கால் கால், ஆக ரெண்டு பக்கமும் முக்கால் முக்கால் அங்குலம் சமமா அறுத்திடுங்க. ஒரே பக்கமா அறுத்தீங்கன்னா கயிறு போற ஓட்டை நடுவுல நிக்காது. அரை நாள் வேலை" என்றார்.

இதை உன்னிடம் சொன்னேன். வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தாய். "ஏன்டா, ஜன்னலுக்கா கல்யாணம்? மொய் வச்சிட்டு வந்திருக்க!" எத்தனை நாளாயிற்று நீ அப்படிச் சிரித்து! அங்கேதான் கெட்டேன்.

அதற்குப் பிறகு உன்னைப் பார்க்க வந்தவர்களுக்கெல்லாம் காபிக்கு முன்னால் நாற்பத்தொன்று கதைதான். நாகூர் சித்தப்பாவுக்குக் கடைக்காரர் குரலிலேயே பேசிக் காட்டினேன். கதை நாளுக்கு நாள் வளர்ந்தது. பட்டைகள் மட்டும் கட்டிலுக்கு அடியில் அதே நீளத்தில் கிடந்தன. ஜன்னலில் என் பழைய வேட்டி தொங்கியது. முதலில் சத்தமாகச் சிரித்தாய், பிறகு உதட்டோடு. ஒருநாள் சிரிக்கவில்லை.

"சிரிச்சாச்சுடா. அறுடா."

"ஞாயித்துக்கிழமை கட்டாயம் அறுத்திடறேன்க்கா."

"அதுவரைக்கும் இருக்குமாடா?"

"அறுப்புக்கு இன்னும் பத்துப் பதினஞ்சு நாளு இருக்குக்கா" என்றேன். நீ கதிரைத்தான் கேட்டாயா?

வெள்ளிக்கிழமை போய்விட்டாய். முகம் ஜன்னல் பக்கம்தான் திரும்பியிருந்தது. என் வேட்டியைப் பார்த்துக்கொண்டு போயிருக்கிறாய்.

ஏன் அறுக்கவில்லை என்று கமலா கேட்டாள். சோம்பேறித்தனம் என்றேன், அவள் நம்பினாள், அதற்குச் சாட்சி ஊரெல்லாம் இருக்கிறது. ஆனால் அக்கா, அறுத்து மாட்டிவிட்டால் கதை முடிந்துவிடும். அதன் பிறகு உன் பக்கத்தில் உட்கார்ந்து எதைப் பேசுவது? அந்தப் பயம்தானோ?

உன் காரியத்துக்கு இரண்டு நாள் முன்னால் மிஷின் வந்து வயலை அறுத்துவிட்டுப் போனது. நல்ல விளைச்சல் என்றார்கள். காரியம் முடிந்த மறுநாள் காலை, பட்டைகளைக் கட்டிலுக்கு அடியிலிருந்து இழுத்து, கட்டாகச் சேர்த்து, டேப் சுற்றி, ரம்பத்தை வைத்தேன்.

"இப்ப யாருக்குங்க?" என்றாள் கமலா.

நான் ரம்பத்தை இழுத்தேன். கொஞ்ச நேரம் நின்று பார்த்தவள், உட்கார்ந்து மறுமுனையை அழுத்திப் பிடித்துக்கொண்டாள். அவள் கண்ணைத் துடைத்ததற்குக் காரணம் மரத்தூள் என்று எழுதிவைக்கிறேன். அவளும் இதைப் படிப்பாள்.

அரை நாள்கூட ஆகவில்லை அக்கா. மூன்று மணி நேரம்.

மத்தியானம் உன் கட்டிலில் படுத்துப் பார்த்தேன். ஒரே ஒரு நப்பாசைதான். வெயில் மறைகிற அளவுக்குப் பட்டையைச் சாய்த்தால் வயலும் மறைந்துவிடும் என்று இருந்தால்? அப்போது நான் அறுத்திருந்தாலும் உனக்குப் பயன் இல்லை; நான் தப்பித்துவிடுவேன். உன் தலையணையில் தலை வைத்து, மெதுவாகக் குச்சியைத் திருகினேன். வெயில் போயிற்று.

வயல் தெரிந்தது. மோட்டார் கொட்டகையிலிருந்து வாய்க்கால் வரைக்கும், நீ சொன்னபடியே, முழுசாகத் தெரிந்தது. கதிர் இல்லை, அறுத்த நெல்லின் அடித்தாள் மட்டும்.

தெரியாமல் இருந்திருக்கக் கூடாதா?

நாற்பத்தொன்று கதையை இனி யாரையும் சிரிக்க வைப்பதற்காகச் சொல்ல மாட்டேன், இது சத்தியம். தினமும் மூன்று மணிக்குப் பட்டையை உன் கண்ணுக்குத் தக்கபடி சாய்த்து வைப்பேன். அடுத்த சம்பாவுக்கும் கதிர் வரும். அதை நினைத்தால்தான் தாங்கவில்லை.

முக்கால் அங்குலத்தை அறுக்காமல் விட்ட உன் தம்பி,
சேகர்