கல்லறையில் சொன்ன வார்த்தை

நவம்பர் 2

இன்று கல்லறைத் திருநாள். என் வீட்டுக்காரர் கல்லறையை மந்திரிக்கச் சாமியார் வந்தபோது, "குடிச்சே சூசைடு பண்ணிக்கிட்டாப்ல சாமி" என்றான் கொழுந்தன். குடியை விடாத என் வீட்டுக்காரரைத் திட்டும்போது, 'இப்படிக் குடிக்கிறதும் சூசைடுதான்' என்று டாக்டர் சொன்ன வார்த்தை அது. கொழுந்தன் அதையே பிடித்துக்கொண்டான். நான் அவனை முறைத்தேன்.

"ஒரு பேச்சுக்குத்தான் சொன்னேன் மதினி."

"ஒனக்கு அது பேச்சு தம்பி. சாகுற அன்னைக்குக்கூட, ராத்திரிக்கு அயிரை மீன் வாங்கிட்டு வாரேன்னுதான் போனாரு."

சாமியார் எங்களைப் பார்த்தார். "தற்கொலைக்குச் செபம் இல்லேங்கிறதெல்லாம் அந்தக் காலம். எப்படிச் செத்தாலும் செபம் உண்டும்மா" என்று தீர்த்தம் தெளித்தார்.

செபம் கிடைத்துவிட்டது. ஆனால் எனக்கு மனம் ஆறவில்லை. அவர் குடித்தார், அது உண்மை. என்னை விட்டுப் போக நினைக்கவில்லை என்று அங்கே யாராவது ஒருவர் சொல்லியிருக்கலாம்.