சில வினாடிக்கு ஒரு படம்

ஜூலை 14, செவ்வாய்
காலையிலேயே வெயில். காக்களூர் தொழிற்பேட்டை வந்து சேர்வதற்குள் சட்டை முதுகில் ஒட்டிவிட்டது. தரம் பார்க்கும் க்யூ.சி. ரூம் கம்ப்யூட்டரில் அப்டேட், அரை மணி நேரம் தண்டம். முடிந்ததும் புது ஏ.ஐ. வசதி ஒன்று. சில வினாடிக்கு ஒருமுறை திரையைப் படம் பிடித்து வைக்குமாம். எந்தச் சொல்லைத் தேடினாலும் பழைய திரையை எடுத்துக் கொடுக்குமாம். ஆன் செய்யவா என்று கேட்டது. ரிப்போர்ட் தேட உதவும் என்று ஆன் செய்தேன். யாரிடமும் சொல்லவில்லை. சொல்லத் தோன்றவில்லை.
வாங்க வேண்டியது: மார்க்கர், பெல்ட், அம்மாவுக்கு பி.பி. மாத்திரை.

ஜூலை 15, புதன்
மேனேஜர் ரூமில் ஏ.சி. ரிப்பேர். மதியம் பூராவும் என் சீட்டில் அவர். அவர் போன பிறகு ஸ்டெல்லா அக்காவின் மனுவை டைப் செய்தேன். பிரின்டர் இங்கேதான் இருக்கிறது. அக்கா பிரஸ் ஷாப்பில் கான்ட்ராக்ட் தொழிலாளி. போன மாதம் நாலாம் நம்பர் பிரஸ்ஸில் ஆட்காட்டி விரல் நுனி போனது. வீட்டில் நசுங்கியது என்கிறது கம்பெனி. மனு தொழிற்சாலை ஆய்வாளருக்கு. சாட்சி மூன்று பேர், பெயரோடு. ஃபைலை பென்டிரைவில் மட்டும் வைத்துக்கொண்டேன். ஒரு தடயமும் இல்லை என்று நினைப்பு.

ஜூலை 16, வியாழன்
நாஷ்டா கேன்டீனில்.
புது வசதியில் சும்மா ‘விரல்’ என்று தேடினேன். முழு மனுவும் வந்தது. நாலு பெயரும் பளிச்சென்று.
இங்கே கேட்டிலேயே போனை வாங்கி லாக்கரில் பூட்டிவிடுவார்கள். அதனால் டீ டைமில் மொத்த ஷிஃப்டும் சாட், பேங்க் எல்லாம் இந்த ஒரே கம்ப்யூட்டரில்தான் பார்க்கும். எல்லோருக்கும் ஒரே லாகின். பின் நம்பரை எழுதி மானிட்டர் ஓரத்தில் டேப் போட்டு ஒட்டியிருக்கிறது. ஒட்டியது நான். ஆறு செமஸ்டர் டிப்ளமோ படித்த முட்டாள். சாவி கதவிலேயே தொங்கும்போது பூட்டு எவ்வளவு நல்லதாக இருந்தால் என்ன?
மேனேஜருக்குப் பெயர் தெரிந்தால் நாலு பேருக்கும் மறுநாள் கேட் பாஸ் கிடையாது, வேலையும் போச்சு. மனு இருந்த படங்களைத் தேடித் தேடி அழித்தேன்.

ஜூலை 17, வெள்ளி
மேனேஜர் திரையில் அந்த வசதியின் ஐகானைப் பார்த்துவிட்டார். “இன்னாபா, எதைக் கேட்டாலும் காட்டுதாமே இது? திங்கக்கிழமை நானே தேடிப் பாக்குறேன்.” சரி சார் என்றேன்.
ஏதாவது மிச்சம் இருக்கிறதா என்று மதியம் ஒவ்வொரு படமாக ஓட்டினேன். புதன் பிற்பகல், மேனேஜர் உட்கார்ந்திருந்த நேரம். விபத்துப் பதிவேடு. ஸ்டெல்லா, இடம்: பிரஸ் 4. அடுத்த படத்தில் அந்தக் கட்டம் காலி. அதற்கடுத்ததில்: வீடு.
பத்து நிமிடம் அதையே பார்த்துக்கொண்டிருந்தேன்.
கேன்டீன் பின்னால் அக்காவிடம் சொன்னேன். காப்பி எடுத்துவிட்டு எல்லாவற்றையும் அழித்துவிடட்டுமா என்று கேட்டேன். “உன் மூஞ்சி ஏன் வெளுத்துக்கினு கீது? போனது என் விரலு” என்று சிரித்தார். பிறகு மெதுவாக: “அழிச்சிடாத தம்பி. தனியா எடுத்தாந்தா நீயே செஞ்ச படம்னுவானுங்க. அதுக்குள்ளயே கெடக்கட்டும். ஆபீசருங்க வந்து பாக்கட்டும்.”
அவர் சொன்னது சரி. சரியாக இருப்பதுதான் பயம்.

ஜூலை 18, சனி
லீவு. மழை வரும் போல இருந்து வரவில்லை. மேனேஜர் வேண்டுமென்றே தான் பதிவேட்டைத் திருத்திய படத்தைத் தேடுவாரா? தேட மாட்டார். தேடுவார். மாத்திரை வாங்க மறந்தேன், அம்மா திட்டு.

ஜூலை 20, திங்கள்
அக்கா லீவு போட்டு மனுவோடு ஆய்வாளர் ஆபீஸ் போயிருக்கிறார். பத்தரைக்குத்தான் திறப்பார்கள்.
மேனேஜர் ஒன்பதேகாலுக்கே வந்துவிட்டார். நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார். பின்னால் நின்றேன். கஸ்டமர் பெயர் எதையாவது தேடுவார் என்று நினைத்தேன். ‘பதிவேடு’ என்று அடித்தார்.
புதன்கிழமை படங்கள் மூன்றும் வந்தன. முகம் மாறவில்லை. கீழே இழுத்தார். இன்னும் படங்கள், வரிசையாக, ஒரே மாதிரி. வெள்ளி மதியம். நான் அந்தப் பதிவேட்டுப் படத்தைப் பார்த்துக்கொண்டிருந்த பத்து நிமிடத்தையும் அது விடாமல் படம் பிடித்திருக்கிறது. மனுவை மட்டும் அழித்தேன். நான் தேடிப் பார்த்ததும் பதிவாகும் என்று நினைக்கவே இல்லை.
மணி 9.25.
திரும்பாமலே கேட்டார். “வெள்ளிக்கிழமை மத்தியானம் இங்க யாருப்பா உக்காந்துக்கினு இருந்தது?”