ஆஸ்பத்திரி லிஃப்ட் நன்றி சொல்ல வேண்டிய காலை

அனுப்புநர்:
லிஃப்ட் மெக்கானிக்,
மொட்டைமாடி மோட்டார் அறை,
அரசு மருத்துவமனை.

பெறுநர்:
இயக்குநர் அவர்கள்,
வானொலி நிலையம், நான்காம் மாடி.

பொருள்: இம்மாதம் மூன்றாம் தேதி நான் அனுப்பிய புகாரின் மீது நானே கொடுக்கும் புகார் – ‘ரிப்பேர் நேரம்’ நிகழ்ச்சியை மீண்டும் ஒலிபரப்பக் கோருதல் – தொடர்பாக.

மதிப்பிற்குரிய அம்மையீர்,

1. தங்கள் நிலையத்தில் பதினாறு ஆண்டுகளாக நேயர்களைச் சிரிக்க வைத்துவரும் அறிவிப்பாளரை ஊரே ‘ரிப்பேர் அண்ணன்’ என்று அழைப்பதைத் தாங்கள் அறிவீர்கள். ஊரில் எது கெட்டுப்போனாலும் அது அவர் குரலில் தினமும் காலையில் பேசும். சரியானதும், சரிசெய்தவருக்கு நன்றி சொல்லி விடைபெறும். பள்ளிக்கூடக் கழிப்பறைக் கதவு விடைபெற்ற அன்று என் மாமியார் அழுதேவிட்டார்.

2. சென்ற மாதம் எங்கள் லிஃப்ட் பேசத் தொடங்கியது. எலும்பு முறிவு வார்டு மூன்றாம் மாடியில் இருப்பதால், “கால் ஒடஞ்சவங்க படியேறி வாங்க. ஏற முடிஞ்சா அப்படியே டிஸ்சார்ஜ்!” என்றது. நானும் சிரித்தேன். மறுநாள், “என்னைப் பாக்க ஒருத்தர் வருவாரு. கதவத் திறப்பாரு, மூடுவாரு, டீ குடிக்கப் போயிடுவாரு” என்றது. அதற்கு நான் சிரிக்கவில்லை. ஆனால் நர்சுகள் சிரித்தார்கள், என் மனைவி சிரித்தாள், டீக்கடைக்காரர் எனக்கென்று ஒரு பெஞ்சையே ஒதுக்கினார். ஆத்திரத்தில் ‘அரசு ஊழியரை அவமதித்தல்’ என்று தலைப்பிட்டுத் தங்களுக்கு எழுதிவிட்டேன்.

3. மறுநாளே ரிப்பேர் அண்ணன் மோட்டார் அறைக்கு வந்தார். கருவிப் பெட்டி மேல் உட்கார்ந்து, எரிந்துபோன பிரேக் காயிலுக்குப் பதில் புதியது கேட்டு நான் கொடுத்திருந்த ஒன்பது மனுக்களையும் படித்தார். “தப்பு என்மேலதான். நாளைக்கு லிஃப்டே மன்னிப்பு கேக்கும்” என்றார். கேட்டது. அதோடு தினம் ஒரு மனுவைத் தேதியோடு வாசித்தது. ஆறாவது மனுவிலேயே காயில் வந்து சேர்ந்தது. மீதி மூன்றுக்கு வேலையில்லாமல் போனது.

4. சனிக்கிழமை பொருத்தினேன். முதலில் ஏறியவர் காலில் மாவுக்கட்டோடு வந்த ஒரு தபால்காரர். அதுவரை அவரைப் படிகளில் தூக்கிச் சுமந்த மகள், அப்பாவை மேலும் கீழுமாக மூன்று முறை கூட்டிப் போனாள். எனக்குக் கண் கலங்கிவிட்டது.

5. திங்கட்கிழமை லிஃப்ட் விடைபெற வேண்டும். வீட்டில் எல்லோரும் வானொலியைச் சுற்றி உட்கார்ந்திருந்தோம். புல்லாங்குழல் இசை வந்தது. என் புகாரின் பேரில் நிகழ்ச்சி நிறுத்தப்பட்டதாகவும், வரும் வெள்ளிக்கிழமை அவர் மீது விசாரணை என்றும் பிறகு அறிந்தேன். வேலை மும்முரத்தில் புகாரைத் திரும்பப் பெற மறந்தது என் குற்றம். ஒன்பது மனுவுக்கு அசையாத அரசாங்கக் காகிதம் இந்த ஒன்றுக்கு மட்டும் இரண்டே வாரத்தில் ஓடியது எப்படி என்பது எனக்கு இன்னும் விளங்கவில்லை. மனைவி இரண்டு நாளாக என்னோடு பேசவில்லை. மாமியார் பேசுகிறார். அது இன்னும் கஷ்டம்.

6. ஆகவே என் பழைய புகாரை ரத்து செய்து, விசாரணையைக் கைவிட்டு, அவரை மீண்டும் பேச விடுமாறு பணிவுடன் வேண்டுகிறேன். அடுத்ததாகப் பேருந்து நிறுத்தத்துத் தெருவிளக்கு பேசக் காத்திருக்கிறது. அவர் வாயை அடைத்தால் அந்தத் தெரு இருட்டாகவே இருக்கும். டீ பற்றிய வரியை நீக்க வேண்டியதில்லை. நான் டீயும் குடித்தேன் என்பதே உண்மை.

7. இம்மனுவைத் தபாலில் அனுப்பாமல் நேரில் கொண்டுவந்துள்ளேன். தங்கள் அலுவலக லிஃப்ட் இரண்டாம் மாடியில் நிற்கிறது. கதவில் ஒட்டியுள்ள ‘பழுது’ என்ற தாளில் போன மாதத் தேதி இருக்கிறது. நான்கு மாடியும் படியேறித்தான் வந்தேன். கருவிப் பெட்டி கையில் உள்ளது. அண்ணன் வேலைக்குத் திரும்புவதற்குள் அதைச் சரிசெய்துவிடுவது நம் இருவருக்கும் நல்லது.

நாள்: பத்தொன்பதாம் தேதி, புதன்கிழமை
இடம்: தங்கள் அறை வாசல்

மூச்சு வாங்கியபடி,
(கையொப்பம்)
லிஃப்ட் மெக்கானிக்