பழம் மட்டும் வந்தது

தேரா, துபாய்
12 அக்டோபர் 1997

அன்புள்ள அத்தைக்கு,

நெஜாத்தின் சலாம். உங்கள் முகத்தை நான் பார்த்ததில்லை. உங்கள் தோட்டத்து மஞ்சள் பெஹ் பழத்தைத்தான் வருடா வருடம் பார்க்கிறேன். இந்த வருடப் பெட்டியும் நகுதா ஹாஷிம் ஓட்டிவரும் லாஞ்சில் வந்து சேர்ந்தது. வீடெல்லாம் வாசனை. பெட்டியோடு வரவேண்டிய உங்கள் மகன்தான் வரவில்லை.

நகுதாவைக் கேட்டேன். "அம்மாகூட கொஞ்ச நாள் இருக்கப்போறேன், நெஜாத்கிட்ட சொல்லிடுங்கன்னான்மா" என்றார். என் கண்ணைப் பார்க்காமல் சொன்னார்.

உங்களுக்கு உடம்பு சரியில்லையா? அப்படியென்றால் ஷாபூர் அங்கேயே இருக்கட்டும். இல்லையென்றால் அனுப்பி வையுங்கள். வாசலில் செருப்புச் சத்தம் கேட்டால் எழுந்து ஓடுகிறேன். அடுப்பில் வெங்காயம் தீய்ந்துபோகிறது.

உங்கள் மருமகள்,
நெஜாத்

ஷிராஸ்
23 அக்டோபர்

மருமகள் நெஜாத்துக்கு,

என் உடம்புக்கு ஒன்றுமில்லை. ஷாபூர் இங்கே இல்லை. பெட்டியைத் தோளில் வைத்துக்கொண்டு அவன் லாஞ்சு பிடிக்க புஷேர் பஸ்ஸுக்குக் கிளம்பியபோது, நல்லபடியாகத் திரும்பி வரவேண்டுமென்று பின்னாலேயே தண்ணீர் ஊற்றி வழியனுப்பியவள் நான். "நேரா நெஜாத்கிட்டதானே போற?" என்று கேட்டேன். "வேற எங்கம்மா போவேன்?" என்று சிரித்தான்.

உங்களுக்குள் சண்டையா? மறைக்காதே. எத்தியோப்பிய ஹபஷிப் பெண்ணைக் கட்டிக்கொண்டானே என்று அப்போது அவனோடு பேசாமல் இருந்தவள்தான் நான். அது அப்போது.

கையைக் கட்டிக்கொண்டு உட்காராதே. பழம் அழுகும் முன் சமை. விதையை எடு, தோலை விட்டுவிடு, நெய்யில் தனியாகப் பொரித்து வை. கறி முக்கால் வெந்த பிறகு சேர். உன் ஊர்ச் சிவப்புப் பொடியை என் பழத்தில் கொட்டிவிடாதே. கொட்டுவாய் என்று ஷாபூர் சொல்லியிருக்கிறான்.

ஏதாவது தெரிந்தால் உடனே எழுது. எனக்கும் ஓரிடத்தில் உட்கார முடியவில்லை.

மாஹ்லகா

தேரா
4 நவம்பர்

அன்புள்ள அத்தைக்கு,

சண்டை ஒன்றுமில்லை. அதுதான் என்னை இன்னும் பயமுறுத்தியது.

சமைத்தேன். உங்கள் பேச்சைப் பாதி கேட்டேன். எங்கள் வழக்கப்படி வெங்காயத்தை எண்ணெயில்லாமல் சிவக்க வதக்கி, பெர்பெரே மிளகாய்ப்பொடியைக் கொட்டினேன், கோபித்துக்கொள்ளாதீர்கள். ஏலமும் வெந்தயமும் போட்டுக் காய்ச்சிய நெய், ஆட்டுக்கறி, காய்ந்த எலுமிச்சை, உங்கள் குங்குமப்பூ. கடைசியில் பழம். உறைப்பை அது உள்ளே வாங்கிக்கொண்டு தன் புளிப்பைக் குழம்புக்குக் கொடுத்துவிட்டது.

நகுதாவைச் சாப்பிடக் கூப்பிட்டேன். பாதியில் தட்டைத் தள்ளி வைத்தார். "உன் சோத்தத் தின்னுட்டு உன்கிட்டயே பொய் சொல்ல முடியலம்மா. அவன் குவைத் லாஞ்சுல ஏறிட்டான். அங்க ஒரு பொண்ணு இருக்கா. நிக்காவும் ஆயிடுச்சு."

இன்னும் கொஞ்சம் கறி வைக்கட்டுமா என்று கேட்டேன். ஏன் அப்படிக் கேட்டேனோ தெரியவில்லை.

அத்தை, இது உங்களுக்கு முன்பே தெரியுமா?

நெஜாத்

தேரா
30 நவம்பர்

அத்தைக்கு,

உங்களிடமிருந்து பதில் இல்லை. ஒவ்வொரு லாஞ்சு வரும்போதும் துறைக்குப் போய் வெறுங்கையோடு திரும்புகிறேன். 'தெரியும்' என்பதுதான் உங்கள் பதிலோ என்று நானே நினைத்துக்கொண்டேன்.

வெள்ளிக்கிழமை ஷாபூர் வந்தார். ஃப்ரிட்ஜில் மிச்சமிருந்த பழத்தை அன்றுதான் அடுப்பில் ஏற்றியிருந்தேன். "அடேயப்பா, தெருமுனை வரைக்கும் மணக்குதே!" என்று சொல்லிக்கொண்டே, ஒன்றுமே நடக்காததுபோல் தன் இடத்தில் உட்கார்ந்தார். பரிமாறினேன்.

"உறைப்பு ஜாஸ்தி" என்றார்.

"சாப்ட்டு முடிங்க."

"ரெண்டு வீடு வச்சுக்கறது ஊர்ல இல்லாததா, நெஜாத்?"

"ஊர்ல இருக்கலாம். இந்த வீட்ல இல்ல. சாப்ட்டுக் கிளம்புங்க."

குழம்பை ரொட்டியால் துடைத்துத் தின்றார். நான் மனம் மாறுவேன் என்று கொஞ்ச நேரம் காத்திருந்தார். பிறகு போய்விட்டார். தலாக் கேட்டிருக்கிறேன்.

அவர் வாயால் வேறு மாதிரி கேட்பதற்கு முன் நீங்கள் என்னிடமிருந்து தெரிந்துகொள்ள வேண்டும் என்றுதான் எழுதுகிறேன். இனி உங்களை அத்தை என்று எழுதலாமா, தெரியவில்லை.

நெஜாத்

ஷிராஸ்
14 டிசம்பர்

நெஜாத்,

எனக்குத் தெரியாது. இதை எழுத ஒரு வரி போதும். ஆனால் தினமும் பேனாவை எடுத்தேன், அவனைப் பெற்றவள் என்ற வெட்கத்தில் கீழே வைத்தேன். நீ துறையில் நின்றாய் என்று படித்த பிறகு என் வெட்கம் பெரிதாகத் தெரியவில்லை.

அவன் இங்கேயும் வந்தான். கதவைத் திறந்தேன், பெற்ற வயிறு, வேறென்ன செய்ய? ஆனால் உன்மேல் பழி சொல்ல வாயெடுத்தான். "அந்தப் பேச்ச இந்த வீட்ல பேசாத" என்றேன். இரவு தங்காமல் போய்விட்டான்.

நகுதா ஹாஷிமுக்குச் சொல்லி அனுப்பியிருக்கிறேன். காற்று அடங்கியதும் அவர் லாஞ்சில் வருகிறேன். கடல் எனக்கு ஒத்துக்கொள்ளாது, வாந்தியெடுத்துக்கொண்டேதான் வந்து இறங்குவேன். துறையில் வந்து நில். நான் குட்டை, பெரிய மூக்கு, அடையாளம் தெரியும்.

அத்தை என்பது அவன் வழியாக வந்த சொல். அதை அவனோடே அனுப்பிவிடு. வேறு என்ன சொல்லிக் கூப்பிடுவாய் என்பதை என்னை நேரில் பார்த்து முடிவு செய்துகொள்.

மாஹ்லகா