கார்டில் எழுதியது

ராயபுரம்,
9-1-1953

அன்புள்ள அண்ணனுக்கு,

பாக்கியம் தோத்திரம் சொல்லி எழுதுவது. ரோஸ்மேரி கலியாணம் பிப்ரவரி நாலாம் தேதி. தகப்பன் இல்லாத பிள்ளையைக் கைபிடித்துக் கோயிலுக்குள் அழைத்துப் போக வேண்டியவர் தாய்மாமன் நீங்கள்தான். ஆனால் எனக்கு மனம் வரவில்லை. என் வீட்டுக்காரர் சவப்பெட்டிக்குத் தோள் கொடுத்தீர்கள். தெருமுனை தாண்டுமுன் தோள் மாற்றிவிட்டு ஒரு கடைப்படியில் உட்கார்ந்துவிட்டீர்கள். அன்று சாயங்காலமே சைக்கிள் மிதித்துத் திருவொற்றியூர் போனதைச் சபையார் பார்த்திருக்கிறார்கள். நாலு மைல் மிதிக்கிற கால், கல்லறை வரை நடக்காதா? கைபிடிக்க அவர் தம்பியைக் கேட்டிருக்கிறேன். கார்டில் இடமில்லை.

ஞானபாக்கியம்


திருவொற்றியூர்,
13-1-1953

அன்புள்ள பாக்கியத்துக்கு,

உன் கார்டை எனக்கு முன்னால் தபால்காரர் படித்துவிட்டார். "இன்னா நைனா, மச்சான் சாவுல பாதி வழியில நழுவிக்கினியாமே?" என்று கடையில் நாலு பேர் எதிரே கேட்டார். அரிசி அளந்துகொண்டிருந்தேன். தலையைத் தூக்கவில்லை. அதனால்தான் இதைக் கவரில் எழுதுகிறேன். யாருக்கும் காட்டாதே.

இரண்டு வருஷமாக நூறு அடி நடந்தால் இரண்டு காலும் கடுத்து மரத்துப்போகிறது. உட்கார்ந்தால் விட்டுவிடும். பெரியாஸ்பத்திரியில் படம் எடுத்துப் பார்த்தார்கள். அடிமுதுகு எலும்புக்குள் நரம்பு போகிற வழி குறுகிவிட்டதாம். நிமிர்ந்தால் நெருக்கும், குனிந்தால் இளகும். சைக்கிளில் குனிந்துதானே உட்காருகிறேன், அதில் வலியே இல்லை. இதைச் சொன்னால் யார் நம்புவார்கள்? மூட்டை தூக்கின உடம்பு, நடக்க முடியவில்லை என்று சொல்லவே நாக்கூசுகிறது.

அன்று கால் மடங்கி மச்சான் தாமஸ் பெட்டியைக் கீழே போட்டுவிடுவேனோ என்று பயந்துதான் தோள் மாற்றினேன். ரோஸ்மேரியோடு நடக்கும்போதும் நடுவில் நின்றுவிட்டால் அவளுக்கல்லவா அவமானம். சித்தப்பாவே அழைத்துப் போகட்டும்.

ராசையா


ராயபுரம்,
17-1-1953

அன்புள்ள அண்ணனுக்கு,

வேண்டுமென்றேதான் மறுபடி கார்டில் எழுதுகிறேன். தபால்காரரே, படியுங்கள். கடையில் நிற்கிறவர்களுக்கும் கேட்கும்படி படியுங்கள். என் அண்ணன் நழுவவில்லை. முதுகெலும்பு நோயோடு என் வீட்டுக்காரர் பெட்டியைத் தாங்கினார், அது கீழே விழாமல் காப்பாற்றினார். தெரியாமல் சபை முழுக்கத் தூற்றினவள் நான். உங்கள் கவர் வந்ததிலிருந்து வெட்கத்தில் சோறு இறங்கவில்லை.

யாருக்கும் காட்டாதே என்றீர்கள். பழி ஊரெல்லாம் போனபின் உண்மையை மட்டும் கவருக்குள் வைக்க முடியவில்லை, மன்னியுங்கள். ரோஸ்மேரியும் படித்துவிட்டாள். கோயில் வாசலிலிருந்து பீடம் வரை இரண்டு பக்கமும் பெஞ்சு இருக்கிறதாம். "மாமாவுக்குக் கால் கடுத்தால் எதிலாவது உட்காரட்டும், நானும் பக்கத்தில் உட்காருவேன், மாப்பிள்ளை காத்திருக்கட்டும்" என்கிறாள்.

சைக்கிளிலேயே வாருங்கள்.

உங்கள்
பாக்கியம்