முதலிடத்துப் பாட்டில் என் குரல்

என் சில்வண்டே,

உன் குழுவில் பாடுகிறவன் நேற்று வந்திருந்தான். நீங்கள் நாலாவதாகப் போட்ட கடைசி ஆல்பம் இப்போது விற்பனைப் பட்டியலில் முதலிடமாம். முதல் ஆல்பம் நூறு இடத்துக்குள்ளேயே வரவில்லை. இரண்டாவது எண்பத்து நாலாம் இடம், அதுவும் ஒரே வாரம். அந்தப் பட்டியல் வந்த தாளைக்கூட நீ வெட்டி அலமாரிக் கதவில் ஒட்டினாய். மூன்றாவது வந்ததே யாருக்கும் தெரியாது. நீ செத்து நாலு மாதம் ஆன பிறகுதான் எல்லாருக்கும் காது கேட்டிருக்கிறது.

அதிலிருந்து ஒரு பாட்டைப் போட்டுக் காட்டினான். எடுத்த எடுப்பில் என் குரல்.

"நிறுத்துடா அந்தக் கருமத்த. உருப்படுற வழியப் பாரு."

அப்புறம்தான் உன் கிதார். நான் ஆஸ்பத்திரித் துணியெல்லாம் துவைத்துப் போட்டுவிட்டு வந்து மத்தியானம் கண்ணை மூடினால், சமையலறையில் உட்கார்ந்து பதிவு செய்வாயே, அப்படி ஒரு நாள் நான் கத்தியது அது.

"உங்க குரல எடுத்துடலாம்னு சொன்னோம்மா, அவன்தான் விடல. இப்ப மேடையில ஆயிரம் பேர் சேர்ந்து அதக் கத்துறாங்க" என்று சிரித்தான். ஒரு வாய் டீ கொடுக்காமல் அனுப்பிவிட்டேன்.

சலவைக்கூடத்துப் பெண்களும் அதைச் சொல்லிச் சிரிக்கிறார்கள். அது நான்தான் என்று வாயைத் திறக்கவில்லை.

நீ இருந்தவரை உன் பாட்டு ஒன்றையும் நான் முழுசாகக் கேட்டதில்லை. இதைக் கேட்டேன். நன்றாகத்தான் இருக்கிறது. அதுதான் வயிற்றெரிச்சல்.

இப்படிக்கு,
நிறுத்தச் சொன்ன உன் அம்மா

என் குரலை ஆசையாக வைத்துக்கொண்டாயா, இல்லை, ஊரே கேட்கட்டும் என்று வைத்தாயா?